தோய்க்கக் கூடாத சட்டை

2015ஆம் ஆண்டு மார்ச் ஒன்பதாம் தேதி, திங்கட்கிழமை காலை ஏழரை மணிக்கு, மூன்று நாள்களுக்கு முன் மாரடைப்பால் இறந்துபோன நடிகரின் சாம்பல் நிறக் கட்டம் போட்ட சட்டை, ஆடையறை ஹேங்கரிலிருந்து தானாக இறங்கிப் படப்பிடிப்புத் தளத்துக்குப் போய், வாசற்கதவுக் காட்சியில் அவருடைய இடத்தில் நின்றது. நடந்து போனது என்று சிலர் சொல்லித் திரிந்தார்கள். காலில்லாதது நடக்காது; மிதந்து போனது என்பதே சரி.

அந்தத் தொலைக்காட்சித் தொடரின் ஆடை வடிவமைப்பாளரை எல்லாரும் காஸ்ட்யூம் அக்கா என்றே அழைத்தார்கள். அவள் அலறவில்லை. வெள்ளிக்கிழமை மடித்தது போலவே இடக்கை மடிப்பு இருக்கிறதா என்றுதான் முதலில் பார்த்தாள். இருந்தது. அதே துணியில் தைத்த மாற்றுச் சட்டைகள் இரண்டும் அசையாமல் ஹேங்கரிலேயே தொங்கின. பாதி எடுத்த காட்சியின் உடையைக் காட்சி முடியும்வரை தோய்க்கக் கூடாது என்பது அவளுடைய தொழில்விதி. காலரில் பூத்த உப்பும் பையோரத்துத் தேநீர்க் கறையும் அப்படியே இருந்தாக வேண்டும்.

சண்டையிட்டுப் பிரிந்த மகள் வாசலில் வந்து நிற்கிறாள். அப்பா மன்னிப்பாரா என்பது காட்சி. சட்டை தோள்களாலேயே நடித்தது. அப்பா சற்று மெலிந்துவிட்டார் என்று நேயர்கள் சிலர் வருந்தியதோடு சரி. பார்ப்பவர்கள் பெருகவே, இயக்குநர் காட்சியை ஜவ்வாக இழுத்தார். மழைக்காலம் வந்து போயிற்று. மகள் வாசலிலேயே நின்றாள். சட்டை தண்ணீரைக் காணவில்லை.

அப்போதுதான் நடிகரின் மனைவி தளத்துக்கு வந்தார்.

“ஏம்மா, மாசக்கணக்கா தோய்க்காமலா வச்சிருக்கே? இந்தக் காலர்கிட்ட கரிச்சட்டி தோத்துடும்!”

“காட்சி முடியலை அண்ணி. தோய்ச்சா கன்டினியூட்டி போயிடும்.” காஸ்ட்யூம் அக்காவின் குரல் இறங்கியது. “அண்ணன் வாசனையே அதுலதான் இருக்கு. அது போச்சுன்னா, அப்புறம் அது எழுந்திரிக்குமோ என்னவோ.”

“அது இதுன்னு பேசாதே. அவரு. அழுக்குச் சட்டையோட அவரை ஒருநாள்கூட வெளிய அனுப்பினவ இல்ல நான்.”

சட்டை மெல்லத் திரும்பி, கழற்றிவிடச் சொல்வது போல, இரு கைகளையும் மனைவியிடம் நீட்டியது. அதற்குமேல் காஸ்ட்யூம் அக்காவால் விதி பேச முடியவில்லை.

நடிகரின் வீட்டுப் பின்கட்டில் இருவருமாகக் காலரைக் கசக்கினார்கள். தண்ணீர் கறுத்து ஓடியது. கொடியில் சட்டை வெறும் துணியாகத் தொங்கியது. காற்று அசைத்தபோதெல்லாம் காஸ்ட்யூம் அக்கா எழுந்து நின்றாள். காற்றுத்தான் என்று தெரிந்ததும் உட்கார்ந்தாள். அவர் இறந்த அன்று வராத அழுகை, சோப்பு வாசனையோடு அன்று வந்தது. உலர்ந்ததை மனைவி இஸ்திரி போட்டுக் கட்டிலில் விரித்தார். அசைவில்லை.

“போதும் பாசாங்கு. ஆளுங்க காத்துக்கிட்டு இருக்காங்க, எழுந்திரிங்க,” என்றார் மனைவி, ஆயுள் முழுவதும் அதட்டிப் பழகிய குரலில்.

காலர் மெல்ல நிமிர்ந்தது, பொத்தான் போட வாகாக முகவாயை உயர்த்துவது போல. தளத்தில் தினமும் காலையில் அவர் அப்படித்தான் காஸ்ட்யூம் அக்காவின் முன் நிற்பார். அவள் பொத்தானைப் போட்டாள்.

கறை போனதால் அறுந்த தொடர்ச்சியை ஒரு வசனம் காப்பாற்றியது. “எனக்காகவா வெளுத்த சட்டை போட்டிருக்கீங்கப்பா?” என்று மகள் கேட்க, சட்டை கைகளை விரித்தது. காட்சி முடிந்தது.

பிறகு எல்லாரும் கூடிப் பேசி முடிவு செய்தார்கள். திங்கள் முதல் வெள்ளிவரை படப்பிடிப்பு. சனியும் ஞாயிறும் வீடு. தோய்ப்பது மனைவியின் பொறுப்பு, பொத்தான் காஸ்ட்யூம் அக்காவின் பொறுப்பு. ‘சட்டை வந்தது’ என்று இனி யாரும் சொல்லக் கூடாது. அஃறிணை முடிபு அங்கே பிழை.

அடுத்த திங்கட்கிழமை ஏழரை மணிக்கு வந்தார்.