இருபத்தாறு தோல்விகளின் பராமரிப்புப் பதிவேடு

1.

இந்தக் கதை பிறந்ததற்குக் காரணம் சோம்பேறித்தனம்கூட இல்லை, பயம். குரூப்பில் ஒரு வரி பதில் போட வேண்டியவன், அதைப் போடத் துணிச்சல் இல்லாமல், பதில் எழுதுகிற அதே பெட்டிக்குள் கதை எழுதிக்கொண்டிருக்கிறேன். இன்னொன்றும் சொல்லிவிடுகிறேன்: கதையில் நானும் ஒரு பாத்திரம், அதுவும் குற்றம்சாட்டப்பட்டவன். ஆகவே நியாயம் கருதி என் அக்காவின் கணவர் பக்கம் நின்று, என்னையும் 'அவன்' என்றே எழுதப்போகிறேன். என் பக்கம் சாய்ந்தால் அடைப்புக்குறி போட்டு என்னை நானே பிடித்து இழுத்துவிடுவேன்.

முதல் தொடக்கம்: லிப்ட் பழுதுபார்க்கும் அந்த மனிதருக்கு முன்கோபமும் மிகப்பெரிய மூக்கும்...

இந்த ஒரு வரியை அக்காவுக்கு அனுப்பினேன். உடனே போன் வந்தது.

"ஏன்டா, அவர் மூக்கு உன்னை என்ன பண்ணுச்சு?"

"கதைக்காகத்தான் அக்கா."

"கதைக்கு மூக்கு எதுக்கு? எடு மொதல்ல."

எடுத்துவிட்டேன். மூக்கில்லாத தொடக்கம் கீழே.

2.

நான்கு பேர் கொண்ட அணி. தினமும் சாயங்காலம் ஆறரைக்கு அவரவர் வீட்டில் ஹெட்போனை மாட்டிக்கொண்டு, இணையத்தில் முகம் தெரியாத நான்கு பேரோடு துப்பாக்கிச் சண்டை போடுகிற விளையாட்டு. தலைவர் பள்ளி வேன் ஓட்டுகிறவர். எதிரியைக் கண்டதும் "பிரேக், பிரேக்!" என்று கத்துவதால் பெயரே பிரேக் ஆகிவிட்டது. இன்னொருவர் வாயே திறக்க மாட்டார், சைலன்சர். மூன்றாவது நம் கதாநாயகர் லிப்ட்காரர். நான்காவது அவருடைய மச்சான். மருந்துக் கடையில் வேலை என்பதால் ஆட்டத்திலும் மருந்துப் பெட்டியை அவன் தலையில் கட்டிவிட்டார்கள், பெயரும் மருந்துக்கடை. அறிவும் பொறுமையும் ஒருங்கே வாய்ந்த அந்த இளைஞன்... (இழுத்துவிட்டேன்.)

தொடர்ந்து இருபத்தாறு ஆட்டம் தோற்றார்கள். தோல்வி வெற்றிக்கு முதல் படி என்பார்கள். இவர்கள் இருபத்தாறு படி ஏறியும் மாடி கண்ணில் படவில்லை.

பிரேக் பொறுமை இழந்தார். "ஞாயித்துக்கிழமை போட்டி. என் சித்தப்பா பையன் நல்லா ஆடுவான், வரேங்கிறான். நாலு பேருக்குத்தான் இடம். யாரால தோக்கிறோமோ அவர் வெளிய. வெள்ளிக்கிழமைக்குள்ள ஆதாரத்தோட சொல்லுங்க."

"ஆதாரம் நான் தரேன்," என்றார் லிப்ட்காரர். "பழைய ஆட்டமெல்லாம் பதிவாகித்தானே இருக்கு? இருபத்தாறையும் பாத்துடறேன். யாருன்னு எனக்கு இப்பவே தெரியும். இருந்தாலும் முறைன்னு ஒண்ணு இருக்கில்ல?"

பிறகு, யாரும் கேட்காமலே, அவரே சொன்னார்: "மச்சான், நான் உன்னைச் சொல்லல."

எங்கப்பன் குதிருக்குள் இல்லை!

3.

ஒரு விளையாட்டிலிருந்து நீக்கினால் என்ன குடி முழுகிப் போய்விடும் என்று நீங்கள் கேட்கலாம். நியாயமான கேள்வி. லிப்ட்காரர் பகல் முழுக்க, லிப்ட் ஏறி இறங்கும் குழிக்குள் தனியாக நிற்கிறவர். அங்கே போன் எடுக்காது. அவருக்குப் பேச்சுத்துணை இரும்புக் கயிறும் கிரீஸும்தான். மாலையில் காதுக்குள் மூன்று பேர்* ஒரே நேரத்தில் "எங்க இருக்கீங்க? சீக்கிரம் வாங்க!" என்று அலறுவது அவருக்கு உயிர். இதை அக்காதான் சொன்னாள்.

எனக்கும் அப்படித்தான். அவர்கள் கல்யாணமாகி முதல் ஏழு வருஷம் நானும் மாமாவும் பேசியது மொத்தம் இரண்டு வாக்கியம். "சாப்டாச்சா?" "ஆச்சு மாமா." இந்த விளையாட்டு வந்த பிறகுதான் அவர் என்னைத் திட்டவே ஆரம்பித்தார். எவ்வளவு சந்தோஷமாக இருந்தது தெரியுமா?

* சைலன்சரைக் கழித்தால் இரண்டு பேர்.

4.

லிப்ட்காரர் எதையும் முறைப்படி செய்கிறவர். வேலைக்கு எடுத்துப்போகும் பராமரிப்புப் பதிவேட்டில் புதுப் பக்கம் திருப்பினார். மூன்று கட்டம்: பழுது, காரணம், பொறுப்பு. முதல் ஆட்டத்தைப் போட்டுப் பார்க்கும் முன்பே, மூன்றாவது கட்டத்தில் இருபத்தாறு வரிக்கும் 'மருந்துக்கடை' என்று எழுதி முடித்தார். எப்படியும் எழுதப்போவதுதானே.

ஐந்தாவது ஆட்டத்திலேயே ஆதாரம் சிக்கியது. லிப்ட்காரர் குண்டடிபட்டுக் கிடக்கிறார், உயிர் ஊசலாடுகிறது. மருந்துக்கடை இரண்டடி தள்ளி உட்கார்ந்து, சைலன்சரின் முழங்கைச் சிராய்ப்புக்கு மருந்து போட்டுக்கொண்டிருக்கிறான்.

"மச்சான், செத்துட்டிருக்கேன்!"

"இவர் முன்னாடி வந்துட்டார் மாமா. வரிசைல இருங்க!"

(உண்மைதான். பதினொரு வருஷம் கவுன்டரில் நின்றவன் கை அப்படித்தான் போகும், முன்னால் வந்தவருக்கு முன்னால். என்னைக் காப்பாற்றிக்கொள்ள நானும் இருபத்தாறு பதிவையும் பார்த்தேன். அப்போதுதான் இது தப்பென்றே உறைத்தது. இந்த அடைப்புக்குறியை இரண்டு முறை அழித்துவிட்டுத் திரும்பப் போட்டிருக்கிறேன்.)

லிப்ட்காரருக்குத் தலைகால் புரியவில்லை. மனைவியைக் கூப்பிட்டுக் காட்டினார். "பாத்தியா உன் தம்பி லட்சணத்தை?"

"அவன் சின்ன வயசுலயே அப்படித்தான்," என்றாளாம் அக்கா. (ரொம்ப நன்றி அக்கா.)

ஒன்பதாவது ஆட்டத்தில், மச்சானின் லட்சணம் இன்னும் பளிச்சென்று தெரியட்டுமே என்று, எதிரியின் கண் வழியாகப் பார்க்கும் பொத்தானை அழுத்தினார். அங்கேதான் விதி அவரைப் பார்த்து...

இல்லை, விதி எல்லாம் வேண்டாம். எழுதவே வெட்கமாக இருக்கிறது. நடந்ததை நடந்தபடி சொல்கிறேன்.

எதிரி ஒருவன் ஒரு கதவைக் குறிபார்த்துக் காத்திருக்கிறான். கதவு திறக்கிறது. லிப்ட்காரர் வாசலில் நிற்கிறார். குனிந்து தரையைப் பார்க்கிறார். நிமிர்ந்து கூரையைப் பார்க்கிறார். டுமீல்.

அடுத்த கதவிலும் நின்றார், குனிந்தார், நிமிர்ந்தார், செத்தார். அடுத்த ஆட்டத்திலும் அதே.

லிப்ட் கதவு திறந்தால் உள்ளே பெட்டி நிற்கிறதா என்று பார்க்காமல் காலை வைக்கிறவன், அந்த வேலையில் ஒரே ஒரு தப்புதான் செய்வான். இருபது வருஷப் பழக்கம். சொந்த வீட்டுக் குளியலறைக்குள்கூட அவர் பார்த்துத்தான் நுழைவார். நிஜத்தில் இருபது வருஷம் அவரைக் காப்பாற்றிய பழக்கம், ஆட்டத்தில் கதவுக்குக் கதவு காவு வாங்கியிருக்கிறது.

பதினான்காவது ஆட்டத்தில் எதிரிகள் உடனே சுடக்கூட இல்லை. நான்கு பேரும் அவருக்கு எதிரே வரிசையாக நின்று, சேர்ந்து குனிந்து, சேர்ந்து நிமிர்ந்து, நடித்துக் காட்டியிருக்கிறார்கள். அன்றைக்கு அவர் அதை மரியாதை என்று நினைத்துப் பதிலுக்கு இன்னொரு முறை குனிந்திருக்கிறார்.

மருந்து போட்டு அவரைத் தூக்கிவிட ஓடி வந்து, அதே வாசல்களில் மருந்துக்கடையும் பதினேழு முறை செத்திருக்கிறான். (வரிசை முடிந்த பிறகு ஓடி வந்து. சரி.)

லிப்ட்காரர் பதிவேட்டின் மூன்றாவது கட்டத்தை அழிக்க ரப்பர் தேடினாராம். பேனாவில் எழுதியிருந்தார். அக்கா டீ கொண்டுவந்து வைத்தபோது மனிதர் லேப்டாப்பை மூடிவிட்டு வெறும் சுவரைப் பார்த்து உட்கார்ந்திருந்தாராம்.

5.

எப்படி முடிக்கலாம் என்று பார்த்தேன்.

ஐந்தாவது ஆட்டத்தை மட்டும் குரூப்புக்கு அனுப்புகிறார், மச்சான் வெளியே. விறுவிறுப்பான முடிவு, ஆனால் மாமா வில்லனாகிவிடுவார். மூக்குக்கே அவ்வளவு சத்தம் போட்டவள் இதற்குச் சும்மா இருக்க மாட்டாள்.

அல்லது, "தப்பு என்னுடையதே" என்று தழுதழுத்தபடி அவரே விலகுகிறார். படிக்கிறவர்கள் கண் கலங்கலாம். ஆனால் மாமா தழுதழுத்து நான் பார்த்ததில்லை, எழுத வரவில்லை.

அக்காவிடம் கேட்டேன். "ரெண்டு பேரும் வெளிய வந்து எங்க வீட்டு ஜன்னல் கொக்கிய மாட்டுங்க. ஆறு மாசமா சொல்லிட்டிருக்கேன்" என்றாள். கதாசிரியனை மதிக்காத குடும்பம்.

6.

உண்மையில் நடந்தது இது. இன்று வெள்ளிக்கிழமை. முக்கால் மணி நேரத்துக்கு முன்னால் குரூப்பில் பிரேக் கேட்டார்: "அண்ணா, ஆதாரம் என்னாச்சு?"

மாமா பதில் போட்டார்: "இருபத்தாறையும் பாத்துட்டேன். யார் மேலயும் தப்பு தெரியல."

அவருக்குத் தனியாக 'நன்றி மாமா' என்று பாதி அடித்தேன். அடித்துக்கொண்டிருக்கும்போதே ஒரு சந்தேகமும் வந்தது: காப்பாற்றியது என்னையா, தன்னையா? அவர் பக்கம் நின்று ஒரு கதை முழுக்க எழுதியும் எனக்குத் தெரியவில்லை.

பிரேக் விடவில்லை. "மருந்துக்கடை, நீயும் எல்லாப் பதிவையும் பாத்திருக்கன்னு ஆட்டத்துல காட்டுது. நீ சொல்லு, யார் வெளிய? தெரியலன்னு மட்டும் சொல்லாத. சொன்னா சீட்டுக் குலுக்கிப் போட்டுடுவேன்."

"மாமா" என்று அடித்தால் நான் தப்பித்தேன். பொய்யும் இல்லை, அறுபத்து மூன்று கதவு, எண்ணி வைத்திருக்கிறேன். ஆனால் அவர் திரும்பக் குழிக்குள் போய்விடுவார். அங்கே போன் எடுக்காது. "நான்" என்று அடித்தால் பெரிய மனுஷன் ஆகிவிடலாம். ஆனால் ஞாயிற்றுக்கிழமை அவர் வாசலில் நின்று குனியும்போது, தூக்கிவிட யார் ஓடுவார்கள்? சித்தப்பா பையன் நன்றாக ஆடுகிறவன். நன்றாக ஆடுகிறவன் எவனும் அந்த வாசலுக்கு ஓட மாட்டான்.

குரூப்பில் என் பெயருக்குக் கீழே 'டைப் செய்கிறார்' என்று முக்கால் மணி நேரமாகக் காட்டிக்கொண்டிருக்கிறது. நான் என்னவோ பெரிதாகச் சொல்லப்போகிறேன் என்று மூன்று பேரும் காத்திருக்கிறார்கள். சைலன்சர்கூட ஒரு கேள்விக்குறி போட்டிருக்கிறார்.

இப்போது மாமா தனியாக ஒரு செய்தி அனுப்பியிருக்கிறார்:

"மச்சான், அப்புறமா அதுக்குப் பதில் சொல்லிக்கலாம். ஆறரை ஆச்சு. ஆட்டம் ஆரம்பிச்சுட்டாங்க, நான் கதவுகிட்ட நிக்கிறேன்."

நான் ஓட வேண்டும். பிரேக்குக்குப் பதிலை நீங்களே போட்டுவிடுங்கள்.