வெறுந்தூளி

குழந்தையைத் தானாகத் தூங்கப் பழக்குவதற்கென்றே ஒரு கோச் இருக்கிறாள் என்று நரேஷ் சொன்னபோது யாமினிக்குச் சிரிப்பு வந்திருக்க வேண்டும். வரவில்லை. "சரி, பேசிடு" என்றாள். பிள்ளை பிறந்ததிலிருந்து அவளுக்குச் சிரிப்பும் வருவதில்லை, அழுகையும் வருவதில்லை. பல் பிடுங்க ஊசி போட்ட பிறகு கன்னத்தைத் தொட்டால் யாருடைய கன்னத்தையோ தொடுகிற மாதிரி இருக்குமே, உடம்பு முழுக்க அப்படி இருந்தது. குளித்தாள், சாப்பிட்டாள், பால் கொடுத்தாள். யாராவது கேட்டால் நல்லா இருக்கேன் என்றாள்.

விஷயம் இதுதான். வருகிற திங்கட்கிழமை அவள் ஆபீசுக்குத் திரும்பியாக வேண்டும். கெஞ்சி வாங்கிய லீவும் தீர்ந்துவிட்டது. எலெக்ட்ரானிக் சிட்டியில் அவள் ஆபீஸ் கட்டடத்தின் கீழ்த்தளத்திலேயே ஒரு டே கேர் இருக்கிறது. அதை நடத்தும் டோரதி மேடம் காக்ஸ் டவுனிலிருந்து வருகிறவர். நல்ல மனுஷிதான், ஆனால் ரூல் என்றால் ரூல். தோளில் போட்டுத் தட்டிக்கொண்டிருக்க அங்கே ஆள் கிடையாது. மெத்தையில் விட்டால் தானாகத் தூங்குகிற பிள்ளைக்குத்தான் இடம். இடம் இல்லையென்றால் யாமினிக்கு வேலையும் இல்லை, பார்த்துக்கொள்ள வேறு நாதியே கிடையாது. தங்கவயலில் அவள் அப்பா கோவிந்தன் சுரங்கத் தூசியில் போன நுரையீரலோடு மூச்சு வாங்கிக்கொண்டிருந்தார். அவரை விட்டுவிட்டு அம்மாவால் நகர முடியாது. நரேஷின் அம்மாவோ போய்ச் சேர்ந்து வருஷங்கள் ஆகிவிட்டன.

பிள்ளை ஷ்ரேயாஸ் துரைக்குத் தூளியைத் தவிர எதிலும் தூக்கம் வராது. ஊஞ்சல் மாட்டட்டும் என்று ஹால் கூரையில் பில்டர் விட்டுப்போயிருந்த கொக்கியில் யாமினி தன் பழைய வாயில் புடவையைத் தூளியாகக் கட்டியிருந்தாள். தூளியில் ஒரு கயிறு, கயிற்றின் மறுமுனை அவள் கால் கட்டைவிரலில். கீழே உட்கார்ந்து சாப்பிடுவாள், போன் பேசுவாள், துணி மடிப்பாள். கால் பாட்டுக்கு இழுத்துக்கொண்டிருக்கும். கொக்கி கிர்ரிக், கிர்ரிக் என்று சத்தம் போடும். எண்ணெய் விடணும் என்று நரேஷ் சொல்லிக்கொண்டே இருப்பான், விடமாட்டான். அவன் சொல்கிறதெல்லாம் அப்படித்தான்.

கோச் லேப்டாப்பில் வந்தாள். பளிச்சென்ற முகம், நன்றாகத் தூங்கி எழுந்தவளின் முகம். பெட்ரூமில் மரத்தொட்டிலில் முழித்திருக்கும்போதே படுக்க வையுங்கள், கதவைச் சாத்துங்கள், அழுதால் கொஞ்சம் பொறுத்துப் போய் எட்டிப் பாருங்கள், தூக்காதீர்கள், அடுத்த தடவை இன்னும் கொஞ்சம் பொறுங்கள் என்றாள். தூளியை இன்றைக்கே அவிழ்த்துவிடச் சொன்னாள். யாமினி எல்லாவற்றுக்கும் தலையாட்டினாள். தூளியை மட்டும் அவிழ்க்கவில்லை.

"துணிதானே, கெடந்துட்டுப் போகுது" என்றாள் நரேஷிடம்.

முதல் நாட்களில் ஷ்ரேயாஸ் கத்தின கத்தலில் எதிர் ஃபிளாட் கதவு திறந்து மூடியது. நரேஷ் வீட்டிலிருந்து வேலை பார்ப்பவன். ஹெட்போனை மாட்டிக்கொண்டு பால்கனிக்குப் போய், தொட்டிலுக்கு மேல் வைத்த கேமராவைப் போனில் சத்தமில்லாமல் பார்த்துக்கொண்டிருந்தான். "கேட்டா போய்த் தூக்கிடுவேன் யாமினி, என்னால ஆகாது" என்றான். பாவம், அவன் கண்ணும் சிவந்துதான் இருந்தது. யாமினி ஹாலில், தூளிக்குக் கீழே, வழக்கமான இடத்தில் உட்கார்ந்தாள். அவளுக்கு எல்லாம் கேட்டது. நைட்டியின் மார்புப் பக்கம் பாலில் நனைந்தது. நனைகிறது என்று பார்த்தாள், அவ்வளவுதான்.

ஒரு மத்தியானம் அவள் கால் அதுவாகவே கயிற்றைத் தேடிப் பிடித்தது. கட்டைவிரல் இழுக்க ஆரம்பித்தது. தூளிக்குள் ஒன்றுமில்லை. வெறுந்தூளியை ஆட்டினால் பிள்ளைக்கு வயிற்றுவலி வரும் என்று தங்கவயலின் சுரங்கத் தொழிலாளர் லைன் வீடுகளில் எந்தப் பொம்பளையும் முதுகில் ஒன்று வைத்துச் சொல்வாள். சின்ன வயதில் யாமினி வாங்கியிருக்கிறாள். தெரிந்தும் நிறுத்தவில்லை. கொக்கி கிர்ரிக், கிர்ரிக் என்றது. உள்ளே அழுகை விட்டு விட்டு வந்தது, விசும்பலானது, அப்புறம் இல்லை.

பால்கனிக் கதவைத் தள்ளிக்கொண்டு நரேஷ் வந்தான். "தூங்கிட்டான். தானாவே. நாம யாரும் போவல பாரு." யாமினி அதற்குள் கயிற்றிலிருந்து விரலை உருவிக்கொண்டுவிட்டாள். பச்சைப்பிள்ளைக்காரி வெறுந்தூளி ஆட்டினாள் என்று தெரிந்தால் அவன் கத்துவான். சொல்லவில்லை.

அதற்குப் பிறகு தினமும் அதே கதைதான். உள்ளே பிள்ளை, பால்கனியில் அப்பன், ஹாலில் இவளும் வெறுந்தூளியும். அழுகை நாளுக்கு நாள் குறைந்தது. கோச் லேப்டாப்பில் கை தட்டினாள். நரேஷ் கேக் வாங்கி வந்தான். யாமினி ஒரு துண்டு தின்றாள், இனிப்பாக இருந்தது என்று சொன்னாள்.

திங்கட்கிழமை டோரதி மேடம் கையில் ஷ்ரேயாஸைக் கொடுத்துவிட்டு மாடிக்குப் போனாள். அவன் அழவில்லை, அவளும் திரும்பிப் பார்க்கவில்லை. சீட்டில் வீட்டு ஞாபகத்தில் இடது காலை மடித்துப் போட்டு உட்கார்ந்து வேலையைத் தொடங்கினாள். சாப்பாட்டுக்கு மேல் போன் வந்தது.

"டோரதி பேசுறேம்மா. பயப்படாதீங்க, நல்லாத்தான் இருக்கான்."

"தூங்குறானா மேடம்?"

"அதான் இல்ல. படுக்க வெச்சு ரொம்ப நேரமாச்சு. அழவும் மாட்டேங்கிறான். கண்ணத் தெறந்து மேலயே பாக்குறான். அப்பப்போ கதவுப் பக்கம் தலைய திருப்பிக்கினு, எதையோ கேக்குற மாதிரி. வீட்ல பாட்டு கீட்டு ஏதாச்சும் போடுவீங்களா?"

"இல்ல மேடம்" என்று சொல்லிக்கொண்டே யாமினி மேசைக்கடியில் பார்த்தாள். செருப்பைக் கழற்றிவிட்டு அவளுடைய வலது கால் கட்டைவிரல் இழுத்துக்கொண்டிருந்தது. காலையிலிருந்தே இழுத்துக்கொண்டிருக்க வேண்டும். அதில் கயிறு இல்லை, சத்தமும் இல்லை.

அவன் எதையும் கற்றுக்கொள்ளவில்லை. கதவுக்கு அந்தப் பக்கம் கொக்கி கிர்ரிக் என்றது, அம்மா அங்கேதான் இருக்கிறாள் என்று நம்பித் தூங்கினான். இப்போதும் அந்தச் சத்தத்துக்குத்தான் காதைக் கொடுத்துக்கொண்டு, அழாமல், படுத்திருக்கிறான்.

"மேடம், நான் கீழ வரேன்."

"வந்து பாருங்க. ஆனா தூக்கக் கூடாது, ரூல் தெரியும்ல? இன்னிக்கே தூக்கிப் பழக்குனா அப்புறம் நான் எடம் தர முடியாதும்மா."

"தெரியும் மேடம். தூக்கத்தான் வரேன்."

எழுந்தவள் நாற்காலியிலேயே விழுந்தாள். மடித்துப் போட்டிருந்த இடது கால் மரத்துப்போய்க் கிடந்தது. மேசையைப் பிடித்துக்கொண்டு ஊன்றினாள். ரத்தம் இறங்க இறங்கப் பாதத்திலிருந்து தொடை வரைக்கும் ஊசி ஊசியாகக் குத்தியது. வலித்தது, நிஜமாகவே வலித்தது. பக்கத்து சீட்டுக்காரர்கள் பார்க்க, வாய்விட்டு அழுதுகொண்டே, நொண்டி நொண்டி லிஃப்டுக்குப் போனாள்.