பத்திரமாகத் தொலைந்த புத்தகம்

அந்த ஊர்ப் பொது நூலகத்திலிருந்து வீட்டுக்கு எடுத்துப்போகிற புத்தகங்களில் நூற்றுக்கு ஏழு, போன வகையாகத் திரும்பி வருவதில்லை. அட்டையின் நிறமும் நூலக முத்திரையும் அப்படியே இருக்கும். தலைப்பும் உள்ளே இருப்பதும் மாறியிருக்கும். பாலம் கட்டிய பொறியாளர் ஒருவரின் வாழ்க்கை வரலாறு, ஓய்வுபெற்ற தலைமையாசிரியர் வீட்டில் ஐந்து நாள் இருந்துவிட்டு நாவலாக வந்தது. கொண்டுவந்த அவர் மனைவி, “எங்க வீட்டுக்குள்ள எந்த உண்மையும் அஞ்சு நாளைக்கு மேல தாங்காது” என்றார். பல் மருத்துவர் எடுத்துப்போன காதல் நாவல் சரித்திரமாகத் திரும்பியது. காதலர் இருவருக்கும் பிறந்த ஆண்டும் இறந்த ஆண்டும் போட்டிருந்தது. இரட்டைப் பிள்ளை பெற்றவள் வாங்கிப்போன குழந்தை வளர்ப்புப் புத்தகம், வரைபடங்களோடு போர் வரலாறாக வந்து சேர்ந்தது. கூடத்திலிருந்து சமையலறைக்குப் பின்வாங்கிய பாதை அதில் அம்புக்குறி போட்டுக் காட்டப்பட்டிருந்தது.

நூலகர் இதற்கெல்லாம் அசருகிறவர் அல்ல. பழைய சீட்டை ஈரத்துணியால் ஊறவைத்து உரிப்பார், புதிய வகை எண்ணை எழுதி ஒட்டுவார், உரிய அலமாரியில் வைப்பார். எந்நேரமும் விரலில் பசை இருந்ததால் ஊரில் அவருக்குக் கோந்தம்மா என்று பெயர். தலைமை அலுவலகத்திலிருந்து ஆய்வுக்கு வந்த அதிகாரி இரண்டு நாள் உட்கார்ந்து பார்த்துவிட்டு, “வகை மாறினா மாறிட்டுப் போகட்டும்மா, எண்ணிக்கை குறையக் கூடாது” என்று சொல்லிப் போனார். அதோடு அந்தப் பேச்சு முடிந்தது.

பேருந்து நிலையத்துக்குப் பின்தெருவில் தையற்கடை வைத்தவர், கைக்குழந்தையோடும் மனைவியோடும் அந்த ஊருக்குக் குடிவந்த ஆண்டில் ‘குழந்தை வளர்ப்பு’ என்ற புத்தகத்தை எடுத்துப்போனார். குழந்தைக்கு அப்போது நாற்பது நாள். எடுத்துவந்த பன்னிரண்டாம் நாள், விக்கலுக்கு என்ன செய்வதென்று பார்க்க அவர் மனைவி புத்தகத்தைக் கையில் எடுத்தபோது, தலைப்பின் இரண்டு சொற்களும் இடம் மாறி, நடுவில் ஓர் ஒற்றெழுத்தும் முளைத்து, ‘வளர்ப்புக் குழந்தை’ என்று ஆகியிருந்தது. உள்ளே விக்கலும் இல்லை, மாந்தமும் இல்லை. எந்த மருத்துவமனையில், எத்தனையாவது வார்டில், என்ன நிறத் துண்டில் சுற்றி அந்தப் பெண் குழந்தையை அவர்கள் கையில் கொடுத்தார்கள் என்பதும், பெற்றவள் சுவரைப் பார்த்துக்கொண்டே என்ன சொன்னாள் என்பதும் முதல் அத்தியாயமாக இருந்தன. இது யார் காதுக்கும் எட்டக் கூடாது என்றுதான் அவர்கள் ஊரையே மாற்றிக்கொண்டு வந்திருந்தார்கள். புத்தகத்தைத் திருப்பிக் கொடுத்தால் வாழ்க்கை வரலாற்று அலமாரிக்குப் போகும். அந்த அலமாரி வாசலை ஒட்டி இருந்தது. அடுத்தவர் வாழ்க்கை என்றால் அந்த ஊர்க்காரர்கள் நின்றுகொண்டே படித்துவிடுவார்கள். நாளைக்கு மகளே படிப்பாள். மனைவி புத்தகத்தை லைனிங் துணியில் சுற்றி, பீரோவுக்கு மேல் தகரப்பெட்டிக்குப் பின்னால் தள்ளிவிட்டாள். அதன் பிறகு கணவன் மனைவி இருவரும் அதைத் தொடவே இல்லை.

மூன்றாம் வாரம் முதல் நினைவூட்டுக் கடிதம் வந்தது. பிறகு ஆண்டுக்கு இரண்டாக, ஒரே வாசகத்தில், மேலே வரிசை எண்ணோடு வந்துகொண்டிருந்தன. ஐந்தாவது கடிதத்துக்குத் தையற்காரர் நேரில் போய்ப் புத்தகம் தொலைந்துவிட்டதாகச் சொன்னார். அப்படியே எழுதிக் கொடுத்தால் நீக்கிவிடுவதாக நூலகர் காகிதத்தை நீட்டினார். வாயால் பொய் சொல்ல வந்த மனிதருக்குக் கையால் சொல்ல வரவில்லை. வெகுநேரம் பேனாவைப் பிடித்துக்கொண்டிருந்துவிட்டு, ‘தங்கள் புத்தகம் எங்கள் வீட்டில் பத்திரமாகத் தொலைந்திருக்கிறது’ என்று எழுதிக் கையெழுத்திட்டார். நூலகர் அதை இரண்டு முறை படித்தார். “இத வச்சுக்கிட்டு என்னால ஒண்ணும் பண்ண முடியாது, டெய்லர்” என்று சொல்லிக் கோப்பில் போட்டுக்கொண்டார்.

மகள் பால்பல் விழுந்து, பல் முளைத்து, சைக்கிளில் முட்டி தேய்த்து, அப்பாவைவிட ஒரு சாண் உயர்ந்து, கண்ணாடிக் கடையில் கண் பரிசோதிக்கும் வேலைக்குப் போனாள். அவளுக்கு ஜாடை அம்மா பக்கமா அப்பா பக்கமா என்று யாராவது கேட்டுவிட்டால், தையற்காரர் உடனே அவர்களுடைய சட்டை அளவைப் பற்றிப் பேச ஆரம்பித்துவிடுவார்.

நாற்பத்துநான்காவது கடிதம் தபாலில் வரவில்லை. நூலகரே கொண்டுவந்தார். அந்த மாதக் கடைசியில் அவருக்குப் பணி ஓய்வு. அடுத்து வருகிறவரிடம் ஒப்படைக்க வேண்டியதில் அந்த ஒரு புத்தகம்தான் பாக்கி. மதியம் சாப்பாட்டு நேரம். தையற்காரர் நாற்காலியைத் துடைத்துப் போட்டார். மனைவி இரண்டு டம்ளர் தண்ணீர் கொண்டுவந்து இரண்டையும் நூலகரிடமே கொடுத்தாள்.

“நான் படிக்க மாட்டேன்மா. முதுகுல நம்பர் ஒட்டணும், அவ்வளவுதான்.”

“நீங்க ஒட்டிட்டுப் போயிருவீங்க. படிக்க ஊரே இருக்கே” என்றாள் மனைவி.

“இன்னும் ஒரு வாரம் கொடுங்க, மேடம்” என்றார் தையற்காரர்.

“இருபத்திரண்டு வருஷம் கொடுத்தாச்சு, டெய்லர். இந்த ஒரு வாரத்துல மட்டும் என்ன செஞ்சிடப் போறீங்க?”

அந்நேரம் மகள் சாப்பிட வந்தாள். கூடத்தில் மூன்று பேர் மூன்று திசையைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருப்பதையும் மேசைமேல் இருந்த கடிதத்தையும் பார்த்தாள். “இதுக்குத்தானா இவ்வளவு?” என்று ஸ்டூலை இழுத்துப் போட்டு ஏறி, தகரப்பெட்டியை நகர்த்தாமலே பின்னால் கைவிட்டுப் புத்தகத்தை எடுத்தாள். தூசி தட்ட வேண்டியிருக்கவில்லை.

தையற்காரர் எழுந்து நின்றார். “பாப்பா, அதக் கீழ வை. அதுல ஒண்ணும் இல்ல.”

“பதினோரு வயசுல படிச்சிட்டேன்ப்பா.”

மகள் இறங்கும்வரை அம்மா ஸ்டூலின் காலைப் பிடித்துக்கொண்டாள்.

“தெரிஞ்சுமாடி எங்கள ஒரு வார்த்த கேக்கல?” என்றாள் அம்மா.

“கேட்டா ரெண்டு பேரும் அழுவீங்க, கேக்காதன்னு அதுலயே போட்டிருந்துச்சும்மா.”

இருவரும் அழுதார்கள். மகள் மாலை ஐந்து மணிவரை கடைக்குப் போகவில்லை. நூலகர் தண்ணீர் இரண்டு டம்ளரையும் குடித்துவிட்டு, அழுகை ஓயட்டும் என்று சற்றுப் பொறுத்திருந்து, துணியைப் பிரித்தார். தலைப்பு மறுபடியும் மாறியிருந்தது: ‘பெற்றோர் வளர்ப்பு’. அதில் மருத்துவமனையும் இல்லை, துண்டும் இல்லை. பெற்றோர் ஒன்றை ஒளித்துவைத்தால் அது இருக்கும் இடம் தெரிந்ததாகக் காட்டிக்கொள்ளக் கூடாது; எடுத்தால் அதே மடிப்பில் சுற்றி அதே இடத்தில் வைக்க வேண்டும் என்பது ஓர் அத்தியாயம். ஜாடையைப் பற்றி எவராவது பேச்செடுத்தால் உடனே பசிக்கிறது என்று சொல்லிவிட வேண்டும் என்பது இன்னொன்று. அம்மா பாத்திரத்தை ஓசைப்படுத்தினால் அது கோபம் அல்ல, பயம். அப்பா கூப்பிட்ட குரலுக்கு இரண்டாம் முறையிலாவது போய்விட வேண்டும். தூக்கிக் கொஞ்சுகிற வயதை அவர்கள் தாண்டிவிட்டாலும் அவ்வப்போது தோளில் கை போடுவது நல்லது.

படிக்க மாட்டேன் என்று சொன்னவர் பதினெட்டாம் பக்கத்தில்தான் நிமிர்ந்தார். பையிலிருந்து கோந்தையும் சீட்டையும் எடுத்து, எண்ணை எழுதி ஒட்டினார். ஆரம்பத்தில் இருந்த அதே எண்தான்; வகை மாறவில்லை என்றார்.

“நாங்க இதப் படிச்சதே இல்லையே, மேடம். கொஞ்சம் வச்சிருந்துட்டுத் தரலாமா?” என்று தையற்காரர் கேட்டார்.

“வேற யாரும் கேக்கல. பதினாலு நாள்” என்று நூலகர் தேதி முத்திரையைக் குத்திக் கொடுத்தார்.

பதினான்காம் நாள் காலை நூலகம் திறப்பதற்கு முன்பே தையற்காரரும் மனைவியும் வாசலில் நின்றார்கள். புத்தகத்துக்கு இப்போது குழந்தை வளர்ப்பு அலமாரியில், குளிப்பாட்டுதலுக்கும் பல் முளைத்தலுக்கும் நடுவில் இடம். எடுக்க ஒன்பது பேர் பெயர் கொடுத்துக் காத்திருக்கிறார்கள். ஆறு பேர் பள்ளிக்கூடத்தில் படிப்பவர்கள், ஒருவர் பல் மருத்துவர். ஒவ்வொரு வீட்டுக்கும் போய்வரும்போது ஒன்றிரண்டு பக்கம் கூடிவிடுகிறது என்பதால், புதிய நூலகர் பக்க எண்ணிக்கையை மட்டும் பென்சிலால் எழுதுகிறார்.