தொப்பி கழற்றிய சனிக்கிழமை

இங்கிலாந்தின் ஓல்டம் நகரப் படக்கொட்டகையில் பியானோ வாசிப்பது ஹெஸ்டரின் வேலை. திரையில் ஓடுகிற படங்களுக்குக் குரல் கிடையாது. சனங்களை அழ வைப்பதும் சிரிக்க வைப்பதும் அவள் விரல்கள்தான். எங்கே அழுகை, எங்கே சிரிப்பு என்று முடிவு செய்பவர் மட்டும் முதலாளி கிராப்ட்ரீ.

இந்த வாரச் செய்திப் படத்தில் அவள் தங்கை லெட்டிஸ் வருகிறாள். மந்திரி பேசிய கூட்டத்தில் எழுந்து, பெண்களுக்கு ஓட்டு எங்கே என்று கேட்டதற்காக இரண்டு போலீஸ்காரர்கள் அவளைத் தெருவில் தரதரவென்று இழுத்துப் போகிறார்கள். தொப்பி விழுகிறது. ஒரு செருப்பு கழன்று ஓடுகிறது. அவ்வளவுதான் படம்.

"அந்த இடத்துல கோழி கொக்கரிக்கிற மாதிரி வாசிம்மா. சனங்க விழுந்து விழுந்து சிரிக்கணும்," என்று திங்கட்கிழமையே சொல்லிவிட்டார் கிராப்ட்ரீ.

ஹெஸ்டர் வாசித்தாள். வயிறு என்று ஒன்று இருக்கிறதே. ஆலை ஆட்கள் பெஞ்சைத் தட்டிச் சிரித்தபோது, தன் விரல்களைத் தானே வெட்டிப் போடலாம் போலிருந்தது அவளுக்கு.

சனிக்கிழமை காலை லெட்டிஸ் சிறையிலிருந்து வீடு வந்தாள். உள்ளே பட்டினிப் போராட்டம் நடத்தி எலும்பும் தோலுமாக ஆகியிருந்தாள். வாய் மட்டும் இளைக்கவில்லை.

"நான் படத்துல வர்றேனாமே அக்கா. சாயங்காலம் வந்து பாக்கப் போறேன்."

"வேணாம்டி. எல்லாரும் சிரிப்பாங்க."

"அப்படி என்ன பாட்டை வாசிச்சு சிரிக்க வைக்கிறாங்களாம்?"

ஹெஸ்டர் ரொட்டியில் கொழுப்பைத் தடவுவதிலேயே கண்ணாக இருந்தாள். லெட்டிஸுக்குப் புரிந்துவிட்டது.

"ஓ, மறந்தே போச்சு, அங்க வாசிக்கிறது நீதானே," என்றாள். "சரி, உன் பொழப்பை நீ பாரு. நான் முன் பெஞ்சுல உக்காந்துக்கறேன்."

அதற்குப் பதில் அவள் நாலு அறை அறைந்திருக்கலாம்.

மாலையில் கொட்டகை நிரம்பி வழிந்தது. சொன்னபடியே முன் பெஞ்சில் லெட்டிஸ். செய்திப் படம் ஆரம்பித்ததுமே, ஏற்கெனவே பார்த்தவர்கள் முன்கூட்டியே சிரிக்கத் தொடங்கினார்கள். ஹெஸ்டரின் கை கோழிப் பாட்டுக்குப் போனது. போன கை நின்றது. சட்டென்று அரசர் வாழ்த்தைத் தொடங்கினாள்.

அது தினமும் காட்சி முடிவில் வாசிப்பது. அதைக் கேட்டால் இந்த ஊரில் குடிகாரன்கூட எழுந்து தொப்பியைக் கழற்றுவான். போன மாதம் எழாமல் இருந்த ஒருவனின் மூக்கைப் பக்கத்தில் இருந்தவர் உடைத்துவிட்டார். அவனுக்குக் கால் வாதம் என்று பிறகுதான் தெரிந்தது.

கொட்டகை மொத்தமும் எழுந்தது. தொப்பிகள் இறங்கின. சிரிப்பு தொண்டையிலேயே நின்றது. எழுந்து நின்றவர்கள் முன்னால், திரையில், ஒரு பெண் இழுபட்டுப் போனாள். பின் வரிசையில் யாரோ மூக்கை உறிஞ்சுவது கேட்டது.

கிராப்ட்ரீ ஓடி வந்தார். பியானோ பக்கம் வந்ததும் அவர் கையும் தானாகத் தொப்பிக்குப் போயிற்று.

"நிறுத்துடி," என்று பல்லைக் கடித்தார்.

"அரசர் பாட்டையாங்கய்யா? நீங்க நிறுத்தச் சொன்னீங்கன்னு எல்லாருக்கும் சொல்லிடட்டுமா?"

கழற்றிய தொப்பியோடு அவர் விறைத்து நின்றார். ஹெஸ்டர் சாவகாசமாக வாசித்தாள்.

உட்கார்ந்திருந்தவள் லெட்டிஸ் ஒருத்திதான். அவள் பின்னால் நின்ற ஆலைக்காரன் தோளைத் தட்டினான்.

"எந்திரிம்மா. மரியாதை தெரியாதா?"

லெட்டிஸ் திரும்பினாள். அவன் அவள் முகத்தைப் பார்த்தான், திரையைப் பார்த்தான், மறுபடி அவள் முகத்தைப் பார்த்தான்.

"நீங்கல்லாம் எனக்காக நிக்கிறீங்கண்ணே," என்றாள் அவள். "எனக்கு நானே எந்திரிச்சு நிக்கறதா?"

அவன் தொப்பியை நெஞ்சோடு பிடித்துக்கொண்டு நின்றான்.

படம் முடிந்தது, பாட்டும் முடிந்தது. கிராப்ட்ரீ தொப்பியைப் போட்டுக்கொண்டார்.

"உன் வேலை போச்சு. திங்கக்கிழமை இந்தப் பக்கம் தலைகாட்டாதே."

"சரிங்கய்யா," என்றாள் ஹெஸ்டர். அரசர் வாழ்த்தை மறுபடி முதலிலிருந்து தொடங்கினாள்.

கிராப்ட்ரீ தொப்பியைக் கழற்றினார்.