நாங்கள் உட்கார்ந்த கதை

என் தங்கை மகன் ஆவணப்படங்களுக்கு எழுதுகிறவன். உலகத்தில் யாருடைய உரிமை பறிபோனாலும் அவனுக்கு ராத்திரி தூக்கம் வராது. பகலில் தூங்கிச் சரிக்கட்டிக்கொள்வான். இந்த முறை அவன் கையில் சிக்கியது எங்கள் கதை. துணிக்கடையில் வேலை பார்த்த பெண்கள் நாங்கள், வேலை நேரத்தில் உட்காரும் உரிமையை வாங்கிய கதை.

படம் பிடிக்க அந்தப் பழைய கடையையே பேசி வைத்திருந்தான். அங்கே இருந்த ஒரே முக்காலியில் கேமரா பையை வைத்துவிட்டு, "பெரியம்மா, நின்னுகிட்டே பேசுங்க. அப்பதான் கம்பீரமா இருக்கும்" என்றான்.

"முட்டி வலிக்குதுப்பா."

"அந்த வலி முகத்துல நல்லா தெரியுது. அப்படியே வெச்சுக்குங்க."

தங்கை முகத்துக்காகப் பல்லைக் கடித்துக்கொண்டு நின்றேன். பிறகு அவன் எழுதியதை வாசித்துக் காட்டினான்: 'அந்தப் பெண்கள் உரிமைக்காக எழுந்து நின்றார்கள்.'

"யாருடா எழுந்து நின்னது? நாள் முழுக்க நின்னுகிட்டுதானே இருந்தோம். நாங்க உக்காந்தோம்."

நடந்தது அதுதான். எங்களில் மூக்குக்கண்ணாடி போட்டவள் ஒருத்திதான். அவளுக்குப் பெயரே கண்ணாடிக்காரி. கால் நரம்பெல்லாம் புடைத்து வீங்கியிருந்தது. ஒரு நாள் காலை கல்லாவுக்கு எதிரே தரையில் உட்கார்ந்துவிட்டாள். அவளைப் பார்த்து நாங்களும் உட்கார்ந்தோம். முதலாளி தொண்டை கட்டும்வரை கத்தினார். ஒருத்தியும் அசையவில்லை. எங்களுக்கு முக்காலி வந்தது, அவளுக்கு வேலை போனது. இப்போது அவள் உயிரோடும் இல்லை. 'உட்கார்ந்தாள்' என்ற அந்த ஒரு சொல்லாவது அவளுக்குப் போய்ச் சேர வேண்டும் என்று எனக்கு ஒரே வெறி.

"வரலாறுன்னா நிக்கணும் பெரியம்மா. உக்காந்தாங்கன்னு எழுதினா சோம்பேறிங்கன்னு நினைப்பாங்க."

"முதலாளியும் இதையேதான்டா சொன்னாரு."

நல்ல வசனம் என்று அதைக் குறித்துக்கொண்டான். சொல்லை மட்டும் மாற்றவில்லை.

படம் திரையிட்ட அன்று அரங்கத்தில் முன்வரிசையெல்லாம் விருந்தினர்கள். கடைப்பெண்கள் நாங்கள் பின்சுவரில் சாய்ந்து நின்றோம். என்னை மேடைக்குக் கூப்பிட்டார்கள். அங்கேயும் எனக்கு நாற்காலி இல்லை. பூங்கொத்து கொடுக்க, நின்றால்தான் தோதாம். தங்கை மகன் மைக்கைப் பிடித்து, "எழுந்து நின்ற இந்தத் தாய்..." என்று ஆரம்பித்தான். அவன் நாற்காலி காலியாக இருந்தது. போய் உட்கார்ந்தேன்.

பேசி முடித்துத் திரும்பியவன் முழித்தான். குனிந்து, "பெரியம்மா, எழுந்திருங்க. எல்லாரும் பார்க்கிறாங்க" என்று பல்லுக்குள் சொன்னான்.

"கண்ணாடிக்காரி உக்காந்தா. அவளை எழுப்ப முதலாளியாலயே முடியல. நீ யாருடா என்னை எழுப்ப?"

அவன் கையிலிருந்த மைக் அணைக்கப்படவில்லை. அரங்கம் முழுக்கக் கேட்டது. பின்சுவரிலிருந்து கைதட்டல் கிளம்பியது.

விளக்கை அணைத்துப் படத்தைப் போட்டார்கள். முடியும்வரை அவன் மேடை ஓரத்தில் நின்றுகொண்டே பார்த்தான். கம்பீரமாகத்தான் இருந்தது.