முள் விழும் இடம்

தன் வண்டி கெட்டுப்போயிருக்க வேண்டும் என்று எந்த டிரைவராவது சாமியிடம் வேண்டிக்கொள்வானா? பழமலை வேண்டிக்கொண்டான். ஞாயிற்றுக்கிழமை காலையில் குளித்து முடித்து, கொளஞ்சியப்பர் படத்துக்கு முன்னால் நின்று, அவன் கேட்டது அது ஒன்றுதான். எப்படியாவது வண்டியில் ஒரு கோளாறு இருக்கட்டும். ஏனென்றால் வண்டி நன்றாக இருக்கிறது என்று ஆகிவிட்டால், கெட்டுப்போனது தன் வலது கால் என்று ஆகிவிடும்.

பழமலை பள்ளிக்கூடத்துப் பிள்ளைகளுக்கு வேன் ஓட்டுகிறவன். கருவேப்பிலங்குறிச்சிப் பக்கத்துப் பிள்ளைகளை ஏற்றி விருத்தாசலத்தில் இறக்கி, சாயங்காலம் பத்திரமாகத் திருப்பிக் கொண்டுபோய் விடுவான். எல்லாப் பிள்ளைகளுக்கும் அவன் மாமா. வெள்ளிக்கிழமை காலையில் ரயில்வே கேட்டில் நின்றிருந்தான். ரயில் போய் கேட் திறந்தது. ஆக்சிலேட்டரில் காலை வைத்தான். வண்டி மூச்சுத் திணறி முக்கியது. இன்னும் கொஞ்சம் அழுத்தினான். கொஞ்சம்தான் அழுத்தினான், சத்தியமாகக் கொஞ்சம்தான். வண்டி துள்ளிப் பாய்ந்தது. முன்னால் ஒரு மொபெட்டில் பின்னால் உட்கார்ந்திருந்தவளின் மடியிலிருந்து ஒரு குழந்தையின் கால் தொங்கிக்கொண்டிருந்தது. அவன் பிரேக்கை மிதித்து வண்டி நின்றபோது அந்தக் காலுக்கும் வண்டிக்கும் நடுவே ஒரு சாண்கூட இல்லை.

பின்னால் இருந்த பிள்ளைகள் ஒன்றன்மேல் ஒன்றாக முன்னால் வந்து விழுந்தார்கள். இரண்டாம் வகுப்புப் படிக்கும் பாரதிக்கு உதடு கிழிந்து ரத்தம் வந்தது. அவள் அழவில்லை. புறங்கையால் துடைத்துக்கொண்டு, "ஏன் மாமா வண்டி குதிச்சிச்சி?" என்று கேட்டாள். பழமலை அவளைத் தூக்கிச் சீட்டில் உட்கார வைத்தான். அன்றைக்குப் பள்ளிக்கூடம் வரைக்கும் மாட்டுவண்டி வேகத்தில்தான் ஓட்டிப் போனான்.

பாரதியின் அப்பா விருத்தகிரி சாயங்காலம் வந்தார். சத்தம் போட்டிருந்தால்கூடத் தேவலை. வந்தவர் மோர் வாங்கிக் குடித்துவிட்டு, அமைதியாகக் கேட்டார்.

"கோளாறு வண்டியிலயா, ஒங்ககிட்டயாங்க? அத மட்டும் பாத்துச் சொல்லிடுங்க. ஞாயித்துக்கெழம போன் பண்றன்."

பழமலையின் தூக்கம் அதோடு போனது. அவனுக்குச் சக்கரை வந்து சில வருஷங்கள் ஆகின்றன. அது மனைவி இளமதிக்குத் தெரியும். கொஞ்ச மாதமாகப் பஞ்சுமேல் நடப்பது போல இருக்கிறது என்பது அவளுக்குத் தெரியாது. போன வாரம் ரேஷன் கடையிலிருந்து வரும் வழியில் வலதுகால் செருப்பு எங்கேயோ கழன்று போய்விட்டது, வீட்டு வாசலில் வந்துதான் கவனித்தான் என்பதும் தெரியாது. அவளிடம் அறுந்துவிட்டது என்று சொன்னான். தெருக்கோடி சுப்புராயனுக்கு இப்படித்தான் ஆரம்பித்தது. இப்போது சுப்புராயனுக்கு ஒரு செருப்பு போதும். இதையெல்லாம் வெளியில் சொன்னால் நிஜமாகிவிடும் என்று பயந்து வாயைத் திறக்காமல் இருந்தான்.

சனிக்கிழமை மெக்கானிக் கோவிந்தராசு வந்து வண்டியை ஜங்ஷன் வரைக்கும் ஓட்டிப் பார்த்தான். போகும்போதும் குதிக்கவில்லை, வரும்போதும் குதிக்கவில்லை.

"வண்டி பூ மாதிரி போவுது. காலு கீலு வழுக்குச்சா அண்ணே?"

அவன் சாதாரணமாகத்தான் கேட்டான். பழமலைக்கு முகம் வெளுத்துவிட்டது. அதைப் பார்த்து என்ன நினைத்தானோ, கோவிந்தராசு கொஞ்சம் யோசித்துவிட்டுச் சொன்னான்.

"ஒண்ணு வேணா இருக்கலாம். த்ராட்டில் சென்சாருன்னு ஒண்ணு இருக்குது. நீ எம்மாம் மிதிக்கிறன்னு எஞ்சினுக்குப் போயிச் சொல்றது அதுதான். உள்ளார தேஞ்சிருந்தா நடுவுல ஒரு எடத்துல பொய் சொல்லும். நீ லேசா மிதிச்சிருப்ப, அது மிதிக்கவே இல்லன்னுடும். அப்பறம் திடீர்னு முழிச்சிக்கும். ஆனா அது எப்பனாதான் வரும். ஓட்டிப் பாத்துக் கண்டுபுடிக்க முடியாது."

திட்டக்குடியில் மச்சினி பிள்ளைக்குக் காதுகுத்து என்று கோவிந்தராசு கிளம்பிக்கொண்டிருந்தான். போகிற அவசரத்தில் கரண்ட் பார்க்கிற தன் முள் மீட்டரைக் கொடுத்து, எப்படிப் பார்ப்பது என்று சொல்லிக் கொடுத்தான். சென்சாரிலிருந்து வரும் மூன்று ஒயரில் நடு ஒயரில் குண்டூசியைச் செருகி மீட்டரின் சிவப்புக் குச்சியை வைக்க வேண்டும். சாவியைப் போட வேண்டும், ஸ்டார்ட் பண்ணக் கூடாது. ஒருத்தர் பெடலை மெதுவாக அழுத்த, ஒருத்தர் முள்ளைப் பார்க்க வேண்டும். "முள்ளு வழவழன்னு ஏறுச்சின்னா சென்சாரு நல்லா இருக்குதுன்னு அர்த்தம். ஏறிக்கினே இருக்கும்போது எங்கனா பொத்துனு விழுந்துச்சின்னா, அதான் திருடன். மெதுவா மிதிக்கணும், அண்ணே. வேகமா மிதிச்சா விழறது கண்ணுக்குத் தெரியாது."

ஆகவே ஞாயிற்றுக்கிழமை காலையில், கொளஞ்சியப்பரிடம் விண்ணப்பம் போட்ட கையோடு, பழமலை வாசலில் இறங்கினான். செருப்பை வாசற்படியிலேயே விட்டுவிட்டான். வண்டியில் அவன் என்றைக்கும் செருப்புக் காலோடு ஏறியதில்லை. வெள்ளிக்கிழமைதோறும் இளமதி ஸ்டியரிங்குக்கும் மூன்று பெடலுக்கும் குங்குமம் வைப்பாள். குங்குமம் வைத்த பெடலைச் செருப்பால் மிதிக்கிறவன் மனுஷனா என்பான். மற்ற டிரைவர்கள் சிரிப்பார்கள். சிரிக்கட்டும் என்று விட்டுவிடுவான்.

வாசலோ லேசுப்பட்ட வாசல் இல்லை. மழை பெய்தால் குளமாகிறது என்று, இளமதி வேலை பார்க்கிற பீங்கான் கம்பெனியிலிருந்து உடைசலை ஒரு டிராக்டர் கொண்டுவந்து கொட்டி மேடாக்கியிருந்தார்கள். உடைந்த ஃபியூஸ் கட்டைகள், தலை போன பொம்மைகள், வெள்ளை வெள்ளையாகச் சில்லுகள். மேலே போட்ட மண் கரைந்து போய் இப்போது சில்லுதான் வாசல். பழமலை வெறுங்காலோடு அதில் நடந்துபோய் ஒரு கல்லைத் தூக்கி வந்து முன்சக்கரத்துக்கு அண்டை கொடுத்தான்.

"வண்டி பாஞ்சிடாதே?" என்று இளமதி எட்டியே நின்றாள்.

"எஞ்சினே ஓடாதுடி. எப்படிப் பாயும்?"

சொன்னானே தவிர அவனுக்கும் பயமாகத்தான் இருந்தது. அந்த வேனில் எஞ்சின் முன்சீட்டுக்கு அடியில். இடப்பக்கச் சீட்டைத் தூக்கி நிமிர்த்தினான். நடு ஒயரைத் தேடி ஊசியைச் செருகினான். கறுப்புக் குச்சியை எஞ்சினின் இரும்பில் கவ்வவிட்டான். சிவப்புக் குச்சியை இளமதியிடம் கொடுத்தான். இடக் கதவுப் பக்கம் குனிந்து நின்று அதை ஊசிமேல் வைத்தாள். ஈர மண் பொம்மைக்கு மூக்கு ஒட்டுகிற கை, கொஞ்சமும் நடுங்கவில்லை. பழமலை டிரைவர் சீட்டில் ஏறி உட்கார்ந்தான்.

சாவியைத் திருப்பினான். பெடலில் காலை வைத்தான்.

"ஏறுது," என்றாள் இளமதி. "ஏறுது... ஏறுது... உச்சிக்குப் போயிடுச்சிங்க."

"எங்கனா விழுந்துச்சா?"

"இல்லியே. அழகாப் போச்சி."

பழமலை பெடலைவிட்டுக் காலை எடுத்தான். மறுபடியும் அழுத்தினான். மறுபடியும் முள் வழவழவென்று ஏறியது. "நல்லாத்தாங்க இருக்குது," என்றாள் அவள், சந்தோஷமாக. வண்டி நன்றாக இருந்தால் செலவு மிச்சம் என்று நினைக்கிற பாவப்பட்டவள். அவளுக்கு எங்கே தெரியும்? அவன் கண்ணுக்குள் அந்தக் குழந்தையின் தொங்குகிற கால் வந்து நின்றது. கொன்றிருப்போம், நாம்தான் கொன்றிருப்போம் என்று நினைத்தான்.

அப்போதுதான் கோவிந்தராசு சொன்னது ஞாபகம் வந்தது. மெதுவாக மிதிக்க வேண்டும். மெதுவாகத்தானே மிதித்தோம்? குனிந்து பெடலைப் பார்த்தபடி இன்னொரு தடவை மிதித்தான். பார்த்தவனுக்குத் திக்கென்றது. அவன் மெதுவாக என்று நினைத்துக்கொண்டிருக்கும்போதே கால் சடாரென்று தரை வரைக்கும் போய்விட்டிருந்தது.

இந்த முறை இரண்டு கையாலும் முழங்காலைப் பிடித்துக்கொண்டான். காலை ஒரு கம்பியைப் போலப் பிடித்து, கண்ணால் பெடலைப் பார்த்துப் பார்த்துத் துளித்துளியாக இறக்கினான்.

"ஏறுது... ஏறுது... ஐயய்யோ!"

"என்னா?"

"விழுந்துடுச்சிங்க! பொத்துனு அடியில போயிடுச்சி. ஆ, திரும்ப மேல வந்துடுச்சி."

"திரும்பப் பாரு!"

திரும்பவும் அதே இடத்தில் விழுந்தது. பெடலில் கால் லேசாக ஊன்றுகிற இடம். பிள்ளைகளை வைத்துக்கொண்டு ஊர்ந்து போகும்போது நாள் முழுக்கக் கால் எங்கே நிற்குமோ அங்கேயே சென்சார் தேய்ந்துவிட்டிருந்தது. பழமலை வாய்விட்டுச் சிரித்தான். கண்ணில் தண்ணீர் வந்தது. வண்டிதான்! தான் இல்லை, வண்டிதான்! கொளஞ்சியப்பர் கைவிடவில்லை.

"இன்னொரு வாட்டி," என்றான். முள் விழுவதைக் கேட்பதில் அவனுக்கு அலுப்பே வரவில்லை. "இப்ப விழுந்துச்சா? விழுந்துச்சா?" என்று குழந்தை போலக் கேட்டுக் கேட்டு மிதித்தான். ஆனந்தத்தில் முழங்காலை விட்டுவிட்டு ஓங்கி ஓங்கி மிதித்தான்.



"என்னாடி, சொல்லு."

"ஏங்க... முள்ளு ஏறியிருக்குதுங்க."

"ஏறட்டும், ஏறட்டும். திரும்ப விழும் பாரு."

"மீட்டர்ல இல்லங்க," என்றாள். குரல் மாறியிருந்தது. "ஒங்க கால்ல."

அவன் குனிந்தான். பெடலில் சிவப்பாக இருந்தது. வெள்ளிக்கிழமை குங்குமம் என்று நினைத்தான். ஆனால் குங்குமம் சொட்டாது. கீழே ரப்பர் விரிப்பின் வரிகளில் தேங்கி, ஓரமாக வழிந்திருந்தது. இளமதி சிவப்புக் குச்சியைப் போட்டுவிட்டு இந்தப் பக்கம் ஓடிவந்தாள். அவன் காலைத் தூக்கித் தன் மடியில் வைத்துத் திருப்பினாள். முள் இல்லை. பெருவிரலுக்குக் கீழே சதையில், வெள்ளை வெளேரென்று ஒரு பீங்கான் சில்லு முக்கால்வாசி உள்ளே போயிருந்தது. அவன் மிதித்த ஒவ்வொரு மிதியும் அதை உள்ளே தள்ளியிருக்கிறது.

அவள் பல்லைக் கடித்துக்கொண்டு அதைப் பிடுங்கினாள். கத்தியது அவள்தான், அவன் இல்லை.

"வலிக்கலயா?"

"இப்பத்தான் குத்துச்சி..." என்று ஆரம்பித்தான்.

"கல்லு எடுக்கப் போனப்பவே குத்தியிருக்குது. பாருங்க, அங்கேருந்து வாசல் பூரா ரத்தம்." வெள்ளைச் சில்லுகள்மேல் சொட்டுச் சொட்டாக, கல் கிடந்த இடத்திலிருந்து வண்டி வரைக்கும் சிவப்பாக இருந்தது. அவள் அவன் முகத்தையே பார்த்தாள். அழுகையும் கோபமும் சேர்ந்து வந்தன. "கண்ண மூடுங்க."

"எதுக்குடி?"

"மூடுங்கன்னன்ல. நான் தொடறன். சொல்லிக்கினே வாங்க."

அவன் கண்ணை மூடினான். கணுக்காலில் அவள் விரல் பட்டது. "இருக்குது," என்றான். விரல் இறங்கியது. "இருக்குது." குதிகாலில் லேசாக, சுவருக்கு அந்தப் பக்கம் யாரோ தட்டுவது போல. "ம்... இருக்குது." அதற்கப்புறம் அவள் நிறுத்திவிட்டாள். அவன் காத்திருந்தான். எங்கேயோ ஜங்ஷனில் ரயில் ஊதியது.

"என்னா நிறுத்திட்ட? கீழ வா."

அவன் கண்ணைத் திறந்தான். இளமதியின் கட்டைவிரல் அவன் பெருவிரலை அழுத்திக்கொண்டிருந்தது. நகம் பதிந்து சதை வெளுத்திருந்தது. அவள் கண்ணிலிருந்து வழிந்த தண்ணீர் அவன் பாதத்தின்மேல் விழுந்துகொண்டிருந்தது. அதுவும் அவனுக்குத் தெரியவில்லை.

அவனுக்கு வந்த பயம் இதுவரை வந்த பயம் இல்லை. இரண்டு நாளாகப் பயந்தது, கால் போய்விட்டிருக்குமோ என்று. இப்போது, இந்தக் காலை வைத்துக்கொண்டா இத்தனை நாள் அத்தனை பிள்ளைகளை ஏற்றி இறக்கினோம் என்று.

சட்டைப்பையில் செல்போன் அடித்தது. விருத்தகிரி.

எடுக்காமல் பார்த்துக்கொண்டே இருந்தான். சொல்வதற்கு நல்ல பதில் கையில் இருந்தது. பொய்கூட இல்லை, மீட்டர் சாட்சி. சென்சார் போய்விட்டது, மாற்றிவிடுவோம், பாரதி தயாராக இருக்கட்டும். இளமதி முந்தானையைக் கிழித்து அவன் காலைச் சுற்றிக்கொண்டிருந்தாள், நிமிர்ந்து பார்க்கவில்லை.

போனை எடுத்தான்.

"பாத்தீங்களா?" என்றார் விருத்தகிரி. "வண்டியா, நீங்களா?"

பழமலை இளமதி கட்டிக்கொண்டிருந்த காலைப் பார்த்தான்.

"ரெண்டுந்தாங்க," என்றான். "பாப்பாவ வேற வண்டியில அனுப்புங்க."