அமீன் சாகேப் நடந்து வந்த ஆறு

பிஸேசர் நிஷாத் படகுத்துறையைக் குத்தகைக்கு எடுத்தது பிழைப்புக்காக என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள். ஏலத்தில் அவனுடைய மச்சான் முந்தப் பார்த்தான். பிஸேசருக்கு விட்டுக்கொடுக்க மனசு வரவில்லை. வீம்புக்குக் கேட்டுத் தொலைத்தான். ஏலத்தில் போட்ட மாலை வாடுவதற்குள் காக்ரா ஆறு துறையைக் கைவிட்டு வேறு பக்கம் போய்விட்டது. சந்தைக்குப் போகிறவர்கள் ஆற்றுமணலில் சைக்கிளை உருட்டிக்கொண்டு போனார்கள். போகிற போக்கில் அவனைப் பார்த்து மணி வேறு அடித்தார்கள்.

பிஸேசர் மீதித் தவணையைக் கட்டவில்லை. சர்க்கார் விடுமா? பாக்கியை வசூல் பண்ணு, இல்லையென்றால் படகை ஜப்தி பண்ணு என்று தாலுகா கச்சேரிக்கு உத்தரவு வந்துவிட்டது. அந்தப் படகோ, தச்சன் பக்கத்திலேயே நின்று அவன் பார்த்துப் பார்த்துக் கட்டியது. அதன்மேல் அவன் வைத்திருந்த பாசத்தைக் கண்டு மனைவி பூல்மதி பலமுறை முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டதுண்டு.

படகைக் காப்பாற்ற அவன் லக்னோ ஹைகோர்ட்டுக்கு ஓடினான். ஆறே இல்லாத துறைக்குப் படகுக் குத்தகையா என்று அவன் வக்கீல் கேட்டார். ஜப்தி பண்ணுகிற தாலுகா அமீன் நேரில் போய்ப் பார்க்கட்டும், துறையில் தண்ணீர் இல்லையென்றால் பாக்கியும் இல்லை, படகு ஓடினால் ஜப்தி என்று நீதிபதி சொல்லிவிட்டார். இது நடந்தது கோடையில். அமீன் மணிலால் ஸ்ரீவாஸ்தவ் சாவகாசமாகக் கிளம்பியது மழைக்காலத்தில். அதற்கு முந்தின நாள்தான் நேபாள மலையில் மழை கொட்டித் தீர்த்து, ஆறு பழைய துறைக்கே திரும்பி வந்திருந்தது.

விடிந்ததும் பிஸேசர் படகைப் புதருக்குள் இழுத்துவிட்டு, ஒன்றும் தெரியாதவன் மாதிரி கரையில் உட்கார்ந்தான். அமீன் எதிர்க்கரையில் குடையோடு நின்றார்.

"யோவ் பிஸேசர், படகைக் கொண்டாய்யா."

"ஆறு இருந்தாத்தானே சாகேப் படகு. இது வயக்காட்டுத் தண்ணி. முழங்காலுக்கு மேல வராது. செருப்பைக் கையில எடுத்துக்கிட்டு சும்மா நடந்து வாங்க."

"யாரு முழங்காலுக்கு? மனுஷன் ரொம்பக் குட்டையா இருக்காரு" என்றாள் பின்னால் நின்ற பூல்மதி.

"நீ சும்மா இருடி."

அமீன் வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு இறங்கினார். பாவம், ஆளை நம்புகிற அமீன். பாதி தூரம் வந்ததும் இடுப்பு மறைந்தது, மார்பு மறைந்தது, அப்புறம் குடை மட்டும் தெரிந்தது.

பிஸேசருக்குக் கேஸும் நினைவில்லை, வக்கீலும் நினைவில்லை. தண்ணீரில் ஆள் போகும்போது படகோட்டி நிஷாத் சாதிக்காரன் கணக்குப் பார்த்துக்கொண்டா நிற்பான்? புதரிலிருந்த படகைத் தள்ளிக்கொண்டு பாய்ந்தான். சட்டைக் காலரைப் பிடித்து அமீனைத் தூக்கி உள்ளே போட்டான். போட்ட பிறகுதான் அவனுக்கு உறைத்தது. ஜப்தி பண்ண வந்தவரையே படகில் ஏற்றியாகிவிட்டது.

பூல்மதி அமீனுக்கு உலர்ந்த வேட்டியும், தணலில் சுட்ட மாவு உருண்டை லிட்டியும் சூடாகக் கொடுத்தாள். அவர் ஒரு லிட்டியைத் தின்று முடித்துவிட்டுக் கேட்டார்.

"யாராவது பாத்தாங்களா?"

"நான் பாத்தேன் சாகேப். முங்கினதையும் பாத்தேன், இவரு தூக்கினதையும் பாத்தேன்" என்றாள் பூல்மதி.

அமீன் பெருமூச்சு விட்டார். "எங்க கச்சேரியில பேஷ்கார்னு ஒரு குமாஸ்தா இருக்கான். நான் முங்கின கதை அவன் காதுல விழுந்துச்சு, அவ்வளவுதான். ரிட்டையர் ஆகுறவரைக்கும் என்னை விரால் மீனுன்னுதான் கூப்பிடுவான். நல்லாக் கேட்டுக்க. நான் நடந்துதான் வந்தேன். துறையில தண்ணியே இல்ல. இப்படித்தான் எழுதப் போறேன்."

பிஸேசர் அவர் காலைத் தொட்டுக் கும்பிட்டான். படகு பிழைத்துவிட்டது. அவனுக்குக் குதிக்க வேண்டும் போலிருந்தது.

அப்போது எதிர்க்கரையிலிருந்து குரல் வந்தது. ஆறு திரும்புவதற்கு முன்பே சந்தைக்குப் போயிருந்தவர்கள் மூட்டை முடிச்சோடு கும்பலாக நின்றார்கள்.

"பிஸேசர் அண்ணே, படகைக் கொண்டாங்க. காசு தர்றோம்."

ஒரு வருஷமாகக் கேட்காத குரல். அவன் கை தானாகத் துடுப்புக்குப் போனது.

"எங்கய்யா கிளம்பிட்டே?" என்றார் அமீன்.

"ஆளுங்க கூப்பிடுறாங்க சாகேப், ஆத்துக்கு அந்தாண்டையிலேருந்து."

"எந்த ஆத்துக்கு?"

பிஸேசர் துடுப்பைக் கீழே வைத்தான்.

"நீ ஒரு நடை போனாலும் படகு ஓடுதுன்னு ஊரே சாட்சி சொல்லும். அப்புறம் நான் எழுதி என்ன பிரயோஜனம்? அதிருக்கட்டும், நான் எப்படித் திரும்பிப் போறது?"

"வந்த மாதிரியே போயிடுங்க சாகேப்" என்றாள் பூல்மதி.

எதிர்க்கரையில் கூப்பிட்டுப் பார்த்தவர்கள் கடைசியில் அவனைத் திட்டிவிட்டு, தூரத்துப் பாலம் வழியாகச் சுற்றிப் போகத் திரும்பினார்கள். எந்தத் தண்ணீருக்காக அவன் வருஷம் முழுக்க ஏங்கினானோ அந்தத் தண்ணீர் இரண்டு கரையும் தொட்டுக்கொண்டு ஓடியது. பிஸேசர் அதற்கு முதுகைக் காட்டி உட்கார்ந்து அழுதான்.